‘பக்’ என்றால் பூச்சி மட்டும்தானா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சென்னையில் மென்பொருளைச் சோதித்துப் பார்க்கும் வேலை எனக்கு. 16 வருஷமாக எனக்குச் சோறு போடுவது ‘பக்’ என்கிற ஆங்கிலச் சொல்தான். பி, யூ, ஜி என்று மூன்றே எழுத்து; மென்பொருளில் இருக்கும் பிழைக்கு எங்கள் தொழிலில் அதுதான் பெயர். ஆனால் டீமுக்குப் புதிதாக வருகிற தம்பி தங்கைகள் இதை வைத்துக் கேட்கும் கேள்விகளுக்குக் குறைவில்லை. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி வாய் வலித்துவிட்டது. அதனால் மொத்தமாக எழுதிவைக்கிறேன்.

அமெரிக்க கிளையன்ட் ‘சாரி டு பக் யூ’ என்று மெயில் போட்டிருக்கிறார். எந்த பக்கைச் சொல்கிறார்?

எந்த பக்கையும் சொல்லவில்லை. ‘தொந்தரவுக்கு மன்னிக்கணும்’ என்கிறார், அவ்வளவுதான். எங்கள் டீமில் ஒரு தம்பி இந்த வரியைப் பார்த்துவிட்டு, சாப்பிடக்கூடப் போகாமல் பழைய பட்டியலை முழுக்க அலசி, ‘எந்த நம்பர் பக் என்று சொன்னால் உதவியாக இருக்கும்’ என்று பணிவாகப் பதில் எழுதினான். மெயில் அனுப்பிய கிளையன்ட் அம்மா கேட்டிருந்தது அடுத்த மீட்டிங் எத்தனை மணிக்கு என்பதை மட்டும்தான்.

இங்கே பக் ஒரு வினைச்சொல். நச்சரிப்பது, தொணதொணப்பது, எரிச்சல் மூட்டுவது எல்லாம் இதற்குள் அடங்கும். 1940களின் கடைசியில் அமெரிக்கக் கொச்சையாகக் கிளம்பி, இன்று அலுவலக மெயில் வரைக்கும் வந்துவிட்டது. ‘வாட்ஸ் பக்கிங் யூ?’ என்று யாராவது கேட்டால், ‘மனசை எது அரிக்குது?’ என்று அர்த்தம். கவலை அரிக்கிறது என்று நாமும்தானே சொல்கிறோம்? கரையான் செய்கிற வேலையைத்தான் கவலைக்கும் கொடுத்திருக்கிறோம்.

ஒரு எச்சரிக்கை. ‘சாரி டு பக் யூ’ என்று நீங்கள் எழுதலாம். ‘டோன்ட் பக் மீ’ என்று மட்டும் மேலதிகாரிக்கு எழுதிவிடாதீர்கள். அது ‘சும்மா நச்சரிக்காதே’ என்பதற்குச் சமம்.

இந்தச் சொல்லின் முதல் பொருள் பூச்சிதானே?

எல்லோரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் பூச்சிக்கு முன்னால் வந்தது பூச்சாண்டி.

14ஆம் நூற்றாண்டின் கடைசியில் விக்ளிஃப் பெயரால் வழங்கும் ஆங்கில பைபிளில் ‘பக்’ வருகிறது. அங்கே அது வெள்ளரி, சுரை மாதிரியான கொடிகள் படரும் தோட்டத்தில் நிற்கிற கந்தல் துணி மனிதன். நம்மூர்ச் சோளக்கொல்லை பொம்மைதான். அப்புறம் 1535இல் கவர்டேல் வெளியிட்ட பைபிளில் 91ஆம் சங்கீதத்தைப் பார்த்தால், ‘இரவில் வரும் பக்குகளுக்கு நீ பயப்பட வேண்டியதில்லை’ என்கிற மாதிரி ஒரு வரி. இன்றைய ஆங்கிலக்காரர் இதைப் படித்தால், கடவுள் மூட்டைப்பூச்சியிலிருந்து காப்பாற்றுவதாக வாக்குக் கொடுக்கிறார் என்றுதான் நினைப்பார். இந்த வரிக்காகவே அந்தக் காலத்து பைபிள் பதிப்புகளுக்கு ‘பக் பைபிள்’ என்று செல்லப்பெயர் உண்டு. 1611இல் வந்த ஜேம்ஸ் மன்னர் பதிப்பு அந்த இடத்தில் ‘டெரர்’ என்று மாற்றிக்கொண்டது. தமிழ் பைபிளிலும் ‘இரவில் உண்டாகும் பயங்கரத்துக்கும்’ என்றுதான் இருக்கிறது.

ஷேக்ஸ்பியரும் இதே அர்த்தத்தில்தான் எழுதினார். ஹாம்லெட் நாடகத்தில் ‘பக்ஸ் அண்ட் காப்ளின்ஸ்’ என்று பேய்பிசாசு ஜோடியாக வருகிறது. பூச்சிக்கு அங்கே வேலையே இல்லை.

பூச்சி என்கிற பொருள் எழுத்தில் தெளிவாகத் தெரிவது 17ஆம் நூற்றாண்டில்தான். அதுவும் முதலில் குறித்தது பெரும்பாலும் மூட்டைப்பூச்சியை. பூச்சாண்டிதான் பூச்சியாக ஆனதா, இல்லை வண்டுக்கு இருந்த வேறொரு பழைய சொல் வந்து இதோடு கலந்ததா என்பதில் சொல்லாராய்ச்சிக்காரர்களுக்குள் ஒத்த கருத்து இல்லை. எனக்கு முதல் கட்சிதான் பிடிக்கும். இருட்டில் வருகிறது, கண்ணில் படாது, தூக்கத்தைக் கெடுக்கிறது, காலையில் தடம் மட்டும் இருக்கிறது. மூட்டைப்பூச்சிக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்குமா?

இன்னொரு வேடிக்கை, தமிழிலும் இந்த இரண்டும் பக்கத்துப் பக்கத்து வீடுதான். ‘என்ன, பூச்சி காட்டுறியா?’ என்று கேட்கிறோமே, அந்தப் பூச்சிக்கு ஆறு கால் கிடையாது. பயமுறுத்துவதைத்தான் அப்படிச் சொல்கிறோம்.

நமக்குப் ‘பக்’கென்று ஆகிறதே, அதற்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா?

இல்லை. அது நம்முடைய ஒலிக்குறிப்பு, திக்கென்றது மாதிரி. பயத்துக்கும் பக்குக்கும் பொருத்தம் அழகாக இருக்கிறது என்பதற்காக முடிச்சுப் போட்டுவிடாதீர்கள். ‘பக்கா’வும் வேறு, அது இந்தியிலிருந்து வந்தது. எங்கள் டீமில் ‘இது பக்கா?’ என்று ஒருவர் கேட்டால், ‘பழுதா?’ என்று கேட்கிறாரா, ‘கச்சிதமா?’ என்று கேட்கிறாரா என்பது குரலை வைத்துத்தான் தெரியும். இரண்டும் நேர்மாறு.

எல்லாப் பூச்சியும் பக்தானா?

அமெரிக்கப் பேச்சில் ஆமாம். எறும்பு, சிலந்தி, வண்டு எது ஓடினாலும் பக்தான். பிரிட்டனில் பழைய தலைமுறைக்கு பக் என்றால் முதலில் நினைவுக்கு வருவது மூட்டைப்பூச்சி. அதனாலோ என்னவோ அமெரிக்கர் ‘லேடிபக்’ என்று சொல்லும் புள்ளி வண்டை அவர்கள் ‘லேடிபேர்ட்’ என்கிறார்கள்.

பூச்சியியல் படித்தவரிடம் கேட்டால் கதையே வேறு. ஹெமிப்டெரா என்கிற வரிசையைச் சேர்ந்தவைதான் ‘ட்ரூ பக்ஸ்’, அதாவது அசல் பக்குகள். சுமார் 80,000 வகைகள் உண்டு. ஊசி மாதிரி வாய், குத்தி உறிஞ்சும். மூட்டைப்பூச்சி இந்தக் குடும்பம். நெல்லில் பால் பிடிக்கிற நேரம் பார்த்து வரும் கதிர் நாவாய்ப்பூச்சியும், அசுவினியும், மாவுப்பூச்சியும் இதே குடும்பம்தான். புள்ளி வண்டு இதில் சேராது, அது வண்டு. லேடிபக் என்று பெயர் வைத்தவர் பூச்சியியல் பரீட்சை எழுதியிருந்தால் பெயில்தான்.

மாவுப்பூச்சி என்றதும் கோயம்புத்தூர்க்காரர்களுக்கு நினைவு வரும். 2008இல் அந்த வட்டாரத்தில் முதலில் கண்ணில் பட்டு, பப்பாளி, மரவள்ளி, மல்பெரி என்று வெள்ளை வெள்ளையாக அப்பிக்கொண்டதே, அது. 2010இல் புவேர்ட்டோ ரிக்கோவிலிருந்து ஒரு பொடிக் குளவியைக் கொண்டுவந்து விட்டார்கள். மருந்துக்கு அடங்காததை அது அடக்கியது.

கம்ப்யூட்டருக்குள் அந்துப்பூச்சி புகுந்ததால்தான் பக் என்ற பெயர் வந்தது என்கிறார்களே?

இன்டர்வியூவில் பத்துப் பேரைக் கேட்டால் எட்டுப் பேர் இதைத்தான் சொல்கிறார்கள். பூச்சி நிஜம். பெயர் அதனால் வந்தது என்பதுதான் கதை.

1947 செப்டம்பர் 9. ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் மார்க் 2 என்கிற பெரிய கணினி. டிரான்சிஸ்டர் எல்லாம் இல்லாத காலம்; ரிலே என்கிற மின்சார சுவிட்சுகள் ஆயிரக்கணக்கில் டக் டக்கென்று திறந்து மூடித்தான் கணக்குப் போடும். அன்றைய பதிவேட்டுப் பக்கத்தின் படத்தை எங்கள் வேலைக்காரர்கள் எல்லோரும் ஒருமுறையாவது பார்த்திருப்போம். கோடு போட்ட தாள், கையெழுத்து, இடது ஓரத்தில் நேரம். காலை 8 மணிக்கு இயந்திரத்தை ஆரம்பித்தார்கள், 10 மணிக்கு நிறுத்தினார்கள், 11 மணிக்குக் கொசைன் நாடாவை ஓட்டினார்கள் என்று போகிறது. மாலை 3.45க்கு எதிரே ஒரு பூச்சி, ஒளிபுகும் டேப்பை மேலே போட்டு ஒட்டியிருக்கிறது. பக்கத்தில் ‘ரிலே 70, பேனல் எஃப்’ என்றும், ரிலேக்குள் அந்துப்பூச்சி என்றும் குறிப்பு. அதன் கீழே ஒரு வரி: உண்மையிலேயே பக் கண்டுபிடிக்கப்பட்ட முதல் சம்பவம்.

அந்த ‘உண்மையிலேயே’ என்ற சொல்லைக் கவனியுங்கள். பக் என்ற பெயர் ஏற்கெனவே புழக்கத்தில் இருந்தால்தான் அந்த நக்கல் வேலை செய்யும். ‘ஊரெல்லாம் பக், பக் என்கிறோமே, இதோ பாருங்கப்பா, நிஜமான ஒண்ணு மாட்டியிருக்கு’ என்று யாரோ ஒரு குறும்புக்காரர் எழுதிய வரி அது.

கிரேஸ் ஹாப்பர் இந்தக் கதையைப் பல மேடைகளில் ருசியாகச் சொல்லிச் சொல்லித்தான் உலகம் பூராவும் பரவியது. கடற்படை அதிகாரியாக இருந்து கணினித் துறையில் பெரிய பெயர் எடுத்தவர். அந்த இயந்திரத்தில் வேலை பார்த்த குழுவில் இருந்தவர். ஆனால் பூச்சியைப் பிடித்தது அவர் இல்லை, பதிவேட்டில் இருப்பதும் அவர் கையெழுத்து இல்லை என்றுதான் கருதுகிறார்கள். அந்தப் பக்கம், பூச்சியோடு, இப்போது அமெரிக்காவின் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தின் வசம் இருக்கிறது. டேப்புக்கு அடியில் ஒரு பூச்சி இத்தனை வருஷம் தாங்கும் என்று நான் நினைத்ததே இல்லை.

அப்படியானால் இயந்திரக் கோளாறை முதலில் பக் என்று சொன்னது யார்?

முதல் ஆள் யார் என்று விரலை நீட்டிச் சொல்ல முடியாது. எழுத்தில் நமக்குக் கிடைக்கிற பெரிய பெயர் தாமஸ் எடிசன். 1878 மார்ச்சில் வெஸ்டர்ன் யூனியன் என்ற தந்தி நிறுவனத்தின் தலைவருக்கு எழுதிய கடிதத்தில், தன் கருவியில் ஒரு ‘பக்’கைக் கண்டுபிடித்ததாகவும், அது ‘கால்பெல்லம்’ என்ற இனத்தைச் சேர்ந்தது என்றும் எழுதுகிறார். டெலிபோனின் அழைப்பு மணியை, லத்தீன் பெயர் கொடுத்து, ஒரு பூச்சியினமாகவே ஆக்கிவிட்டார் மனிதர்! அதே வருஷம் நவம்பரில் எழுதிய இன்னொரு கடிதத்தில், ஒரு யோசனை முதலில் பளிச்சென்று வந்துவிடும், அப்புறம்தான் ‘பக்’ என்று சொல்லப்படும் சின்னச் சின்னக் குறைகள் தலைகாட்டும், மாதக்கணக்கில் கண்விழித்து உழைக்க வேண்டும் என்று புலம்புகிறார். ரிலீஸுக்கு முந்தைய வாரம் எங்கள் டீம் லீட் பேசுவதும் இதேதான், 140 வருஷம் தள்ளி.

1889இல் ஒரு லண்டன் பத்திரிகை, எடிசன் ஃபோனோகிராஃப் என்ற தன் ஒலிப்பதிவுக் கருவியில் இருந்த பக்கைத் தேடி இரண்டு ராத்திரி தூங்கவில்லை என்று செய்தி போட்டது. ஏதோ ஒரு கற்பனைப் பூச்சி உள்ளே ஒளிந்துகொண்டு இத்தனை தொல்லையும் கொடுக்கிறது என்ற எண்ணத்தில் அப்படிச் சொல்கிறார்கள் என்று விளக்கமும் கொடுத்தது. மறுபடியும் பார்த்தீர்களா, இருட்டில் ஒளிந்திருக்கிற பூச்சாண்டி. பக்கை நீக்குவதைக் குறிக்கும் ‘டீபக்’ என்ற சொல்லும் 1945இல் விமான எஞ்சின் சோதனை பற்றிய எழுத்தில் வந்துவிட்டது. கம்ப்யூட்டர்க்காரர்கள் எடுத்துக்கொண்டது பிறகுதான்.

பக், எரர், டிஃபெக்ட், இஷ்யூ எல்லாம் ஒன்றா?

பாடப்புத்தகத்தில் வேறு வேறு. மனிதன் செய்த தவறு எரர். அது நிரலுக்குள் போய் உட்கார்ந்தால் டிஃபெக்ட் அல்லது பக். அது ஓடும்போது வெளியே தெரிந்தால் ஃபெய்லியர். பேச்சில் எல்லாம் பக். கிளையன்டிடம் பேசும்போது மட்டும் எல்லாம் ‘இஷ்யூ’ ஆகிவிடும். கொஞ்சம் வலி குறைகிற மாதிரி ஒரு பிரமை.

இவற்றைவிட முக்கியமான இன்னொரு வாக்கியம் இருக்கிறது: ‘இட்ஸ் நாட் எ பக், இட்ஸ் எ ஃபீச்சர்’. கோளாறே இல்லை, வேண்டுமென்றே வைத்த வசதிதான் என்று சாதிப்பது. சில வருஷங்களுக்கு முன் ஒரு விண்ணப்பப் படிவத்தைச் சோதித்தேன். ‘கடைசிப் பெயர்’ என்ற கட்டத்தில் குறைந்தது இரண்டு எழுத்து வேண்டும் என்று வைத்திருந்தார்கள். நம் ஊரில் பாதிப் பேருக்குக் கடைசிப் பெயர் என்பதே ஒற்றை இனிஷியல்தான். ‘எஸ்’ என்று அடித்தேன். ‘சரியான பெயரைக் கொடுக்கவும்’ என்று சிவப்பில் எழுதிக் காட்டியது. எங்கள் அப்பா கொடுத்த எழுத்தை ஒரு கட்டம் தப்பு என்கிறது! உடனே பக் போட்டேன், அதாவது பிழை என்று பட்டியலில் பதிந்தேன். டெவலப்பர் தம்பி மதுரைக்காரன், அவனுக்கும் ஒற்றை இனிஷியல்தான். ‘ஒர்க்ஸ் அஸ் டிசைன்ட்’, அதாவது வடிவமைத்தபடிதான் வேலை செய்கிறது, என்று எழுதி மூடிவிட்டான்.

‘ஏன்டா, உன் பெயரையே இது வாங்காதே?’ என்றேன்.

‘தெரியும்க்கா. அவங்க கொடுத்த டாக்குமென்ட்ல ரெண்டு எழுத்துன்னு இருக்கு. நான் என்ன பண்ண?’

மறுபடி திறந்தேன். மறுபடி மூடினான். இப்படி நான்கு தடவை.

பக் வகைகளிலும் சுவாரஸ்யமான ஒன்று ‘ஹைசன்பக்’. பார்க்கப் போனால் மறைந்துவிடும். கருவியை வைத்து ஆராய்ந்தால் ஒழுங்காக ஓடும். எடுத்துவிட்டால் மறுபடி வரும். இயற்பியலாளர் ஹைசன்பர்க் பெயரை வைத்துச் செய்த சிலேடை. டாக்டரிடம் போனதும் காணாமல் போகிற பல்வலி ஞாபகம் வரும்.

ஒய்2கே பக் என்பது என்ன? சீனியர்கள் அடிக்கடி சொல்கிறார்களே?

இடத்தை மிச்சம் பிடிக்க, வருஷத்தை இரண்டு இலக்கத்தில் எழுதிவைத்த பழக்கம். 99க்கு அப்புறம் 00 வந்தால் கணினி அதை 1900 என்று எடுத்துக்கொண்டுவிடுமோ என்ற பயம். மேற்கு நாடுகளில் கோபால் (COBOL) என்ற கணினி மொழியில் எழுதியிருந்த பழைய நிரல்களை வரி வரியாகப் பார்த்துத் திருத்த ஆள் வேண்டியிருந்தது. அந்த வேலையில் நல்ல பங்கு இந்தியாவுக்கு வந்தது. அந்தச் சமயத்தில் சென்னையில் கோபால் படித்து விமானம் ஏறியவர்கள் நிறையப் பேர். 2000 ஜனவரி 1 பெரிய விபரீதம் இல்லாமல் விடிந்தது. ‘ஒன்றுமே நடக்கவில்லையே’ என்று பிறகு கேலி செய்தார்கள். திருத்தியதால்தானே நடக்கவில்லை என்று இன்றும் அந்த சீனியர்கள் பொருமுவார்கள். நியாயம்தான்.

வைரஸும் பக்கும் ஒன்றா?

கணினியில் இல்லை. பக் என்பது தெரியாமல் செய்த பிழை; வைரஸ் தெரிந்தே செய்த வேலை. ஆனால் 2000 மே மாதம் பிலிப்பைன்ஸிலிருந்து கிளம்பி, ‘ஐ லவ் யூ’ என்ற தலைப்போடு மெயிலில் வந்து உலகத்தை ஆட்டிவைத்த நிரலுக்குப் பத்திரிகைகள் ‘லவ் பக்’ என்று பெயர் வைத்துக் குழப்பிவிட்டன.

உடம்பு விஷயத்தில் மட்டும் வைரஸ், பாக்டீரியா எல்லாமே பக். ‘ஸ்டொமக் பக்’ என்று ஒருவர் லீவு சொன்னால், வயிற்றுக்குள் பூச்சி என்று அர்த்தம் இல்லை, வாந்தி பேதி. நம்மூர்க் குடல் புழுவுக்கு ஆங்கிலத்தில் ‘வோர்ம்’. மருந்துக்கு அடங்காத கிருமிகளை ‘சூப்பர்பக்’ என்கிறார்கள். 2010இல் நியூ டெல்லி பெயரைத் தாங்கி வந்து பெரிய சண்டையைக் கிளப்பிய, கிருமிகளை மருந்துக்கு மசியாமல் செய்கிற என்டிஎம்-1 பற்றிய ஆய்வில் சென்னையில் எடுத்த மாதிரிகளும் இருந்தன.

‘தி ரூம் இஸ் பக்டு’ என்றால் அறையில் மூட்டைப்பூச்சியா?

ஓட்டலில் யாராவது சொன்னால் சிரித்துவிட்டுக் கட்டிலுக்கு அடியில் பார்க்கலாம். மற்ற இடத்தில் சொன்னால் வாயை மூடிக்கொள்ளுங்கள். ஒட்டுக்கேட்கும் கருவி வைத்திருக்கிறார்கள் என்று அர்த்தம். சின்னது, ஒளிந்திருப்பது, சுவரிலோ மேஜைக்கு அடியிலோ ஒட்டிக்கொண்டிருப்பது. பெயர் ஏன் பொருந்தியது என்று விளக்க வேண்டாம்.

இதில் என்னைப் பிரமிக்க வைப்பது மாஸ்கோ கதை. 1945 ஆகஸ்டில் சோவியத் சிறுவர் சிறுமியர் அமெரிக்கத் தூதர் ஏவரெல் ஹாரிமனுக்கு ஒரு பரிசு கொடுத்தார்கள். அமெரிக்க அரசு முத்திரை, கழுகோடு, மரத்தில் செதுக்கியது. பிள்ளைகள் கொடுத்ததாயிற்றே என்று வீட்டுப் படிப்பறைச் சுவரில் மாட்டிவிட்டார். அதற்குள் ஒரு ஒட்டுக்கேட்பான். பேட்டரி கிடையாது, ஒயர் கிடையாது. வெளியிலிருந்து ரேடியோ அலையைப் பாய்ச்சினால் மட்டும் உயிர் வரும். உள்ளே பேசுகிற சத்தத்தில் மெல்லிய சவ்வு அதிர, அந்த அதிர்வு திரும்பும் அலையில் ஏறிவிடும். பாய்ச்சாதபோது அது வெறும் மரம், தகரம். எத்தனை சோதனை போட்டாலும் சிக்காது. தெரெமின் என்ற மின்னிசைக் கருவியை உண்டாக்கிய லெவ் தெரெமின்தான் இதையும் வடிவமைத்தவர். 7 வருஷம் தொங்கியது. தூதர்கள் மாறினார்கள், கழுகு மாறவில்லை. 1952இல் கண்டுபிடித்தார்கள். 1960இல் ஐ.நா. பாதுகாப்பு சபையில் அமெரிக்கப் பிரதிநிதி அதைத் திறந்தே காட்டினார். கருவிக்கு அமெரிக்கர் வைத்த பெயர் ‘தி திங்’. வெறுமே ‘அந்தப் பொருள்’. பூச்சாண்டிக்கு இதைவிட நல்ல பெயர் கிடையாது.

பக் அவுட், பக் ஆஃப், பக்ஸ்... சீரியல்களில் வருகிற இதெல்லாம் என்ன?

‘பக் ஆஃப்’ என்றால் ‘போய்த் தொலை’. நண்பர்களுக்குள் மட்டும்.

‘பக் அவுட்’ கொரியப் போர்க்கால அமெரிக்கச் சிப்பாய்ப் பேச்சு. மூட்டை முடிச்சோடு ஓட்டம் பிடிப்பது. வெள்ளமோ புயலோ வந்தால் தூக்கிக்கொண்டு கிளம்பத் தயாராக வைத்திருக்கும் பைக்கு ‘பக்-அவுட் பேக்’ என்பது அதிலிருந்து வந்ததுதான். இளைஞர் பேச்சில் பக் அவுட் என்றால் பதறிப்போவது, கண் பிதுங்குவது. இடத்தைப் பார்த்துப் பொருள் கொள்ளுங்கள்.

‘பக்ஸ்’ என்றால் பழைய அமெரிக்கக் கொச்சையில் கிறுக்கு. மனநல விடுதியை ‘பக்ஹவுஸ்’ என்றார்கள்; இன்று அப்படிச் சொல்வது அநாகரிகம். பக்சி சீகல் என்ற தாதாவுக்குப் பட்டப்பெயர் இந்தக் கிறுக்கிலிருந்து வந்ததுதான். முகத்துக்கு நேராகச் சொன்னால் அவருக்குப் பிடிக்காது. கார்ட்டூன் முயல் பக்ஸ் பன்னிக்குப் பெயர் வந்த வழி வேறு: ஸ்டுடியோவில் பென் ஹார்டவே என்பவருக்கு ‘பக்ஸ்’ என்று பட்டப்பெயர், அவருக்காக வரைந்த முயலின் படத்தில் ‘பக்ஸுடைய முயல்’ என்று எழுதிவைக்க, அதுவே ஒட்டிக்கொண்டது.

‘டிராவல் பக்’ கடித்துவிட்டது என்கிறார்களே, அது நோயா?

இது நல்ல கடி. ஏதாவது ஒன்றில் ஏற்படும் தணியாத ஆசை. ஊர் சுற்றும் பைத்தியம், நாடகப் பைத்தியம் என்று நாம் சொல்வதைத்தான் அவர்கள் பூச்சிக்கடி என்கிறார்கள். போட்டோ எடுத்துத் தள்ளுபவர் ‘ஷட்டர்பக்’. 1930களில் ஸ்விங் இசைக்குத் துள்ளி ஆடியவர் ‘ஜிட்டர்பக்’. அந்த நடனத்துக்கும் அதே பெயர். அதன் சாயலில் 1940களில் ‘லிட்டர்பக்’ வந்தது, கண்ட இடத்தில் குப்பை போடுபவர். ‘ஃபயர்பக்’ மட்டும் கெட்ட ஆள்: வேண்டுமென்றே தீ வைப்பவர்.

‘பக்கர்’ என்பது இதிலிருந்து வந்ததா?

இல்லவே இல்லை. அது பல்கேரியாவின் பெயரிலிருந்து, இடைக்காலத்தில் திருச்சபை எதிர்த்த ஒரு பிரிவினரைக் குறித்த சொல் வழியாக வந்த வசவு. பிரிட்டனிலும் ஆஸ்திரேலியாவிலும் சாதாரணமாகக் காதில் விழும். இலங்கை ஆங்கிலத்தில் ‘அந்த ஆள்’ என்கிற மாதிரி செல்லமாகக்கூடச் சொல்வார்கள். ‘பக் போடுகிறவர்’ என்று நினைத்துக்கொண்டு டெஸ்டருக்கு இந்தப் பெயரை வைத்துவிடாதீர்கள். வைத்தவர் ஒருவர் உண்டு. நல்ல எண்ணத்தில்தான் வைத்தார்.

ஆஸ்திரேலியாவில் ஓட்டல் மெனுவில் ‘பக்ஸ்’ என்று போட்டிருந்தார்கள். சாப்பிடலாமா?

தாராளமாக. மோர்ட்டன் பே பக், பால்மெய்ன் பக் என்று இரண்டு பிரபலம். சிங்கி இறால் வகையைச் சேர்ந்தவை. தட்டையான தலை, பெரிய கொடுக்கு இல்லை. வாலைப் பிளந்து வெண்ணெய் பூசிச் சுட்டுத் தருவார்கள். விலைதான் கொஞ்சம் கடிக்கும்.

வேறு தொழில்களிலும் பக் உண்டா?

ஏகப்பட்டது. டிவி திரையின் மூலையில் ஒட்டிக்கொண்டிருக்கும் சேனல் சின்னத்தை அமெரிக்காவில் பக் என்கிறார்கள். அங்கே அச்சகத் தொழிற்சங்கத்தின் பொடி முத்திரை ‘யூனியன் பக்’. தேர்தல் நோட்டீஸின் ஓரத்தில் அது இருக்கிறதா என்று உற்றுப் பார்க்கிறவர்கள் உண்டு. குதிரைப் பந்தயத்தில் பயிற்சி ஜாக்கிக்கு எடைச் சலுகை. பட்டியலில் அதைக் காட்ட ஒரு நட்சத்திரக் குறி போடுவார்கள். அது பூச்சி மாதிரி இருப்பதால் அந்தப் பையன் ‘பக் பாய்’. புள்ளியும் கோடுமாக மோர்ஸ் தந்திக் குறி தட்டுபவர்களுக்கு, கையை ஆட்டினால் புள்ளிகளைத் தானே தொடர்ந்து அனுப்பும் வைப்ரோப்ளெக்ஸ் சாவி ஒரு பக்; கம்பெனியின் சின்னத்திலும் ஒரு பூச்சிதான். ஃபோக்ஸ்வாகன் பீட்டில் கார் பக். காரணம் பார்த்தாலே தெரியும்.

தமிழில் பக்குக்கு என்ன சொல்வது? பூச்சி என்றே சொல்லலாமா?

பேச்சில் பக், எழுத்தில் பிழை என்று பெரும்பாலோர் ஓட்டுகிறார்கள். கணித்தமிழில் உழைத்தவர்கள் ‘வழு’ என்று வைத்தார்கள். டீபக் செய்வது வழுநீக்குவது. முதலில் எனக்கு இது கொஞ்சம் வறட்டுத் தமிழாகத்தான் பட்டது. பிறகு பத்தாம் வகுப்பு இலக்கணம் ஞாபகம் வந்தது. வழாநிலை, வழு, வழுவமைதி என்று மூன்று படித்தோமே. பிழையில்லாமல் இருந்தால் வழாநிலை. பிழை இருந்தால் வழு. இலக்கணப்படி பிழைதான், ஆனாலும் ஏதோ ஒரு காரணத்தால் ஏற்றுக்கொள்ளலாம் என்றால் வழுவமைதி. வீட்டுப் பசுவைப் பார்த்து ‘என் அம்மை வந்தாள்’ என்று ஒருவன் சொன்னால், அஃறிணையை உயர்திணையாக்கியது தப்பு. ஆனால் பாசத்தில் சொன்னான், போகட்டும், விட்டுவிடு என்கிறது இலக்கணம். ‘நாட் எ பக், ஃபீச்சர்’ என்பதை நம் ஆட்கள் எத்தனையோ நூற்றாண்டு முன்னாலேயே ஒரு வகையாகவே பிரித்து வைத்துவிட்டார்கள்.

இதை மதுரைத் தம்பியிடம் ஒருநாள் டீ குடிக்கும்போது சொன்னேன். ஒன்றும் பேசாமல் கேட்டுக்கொண்டான். ஐந்தாவது தடவையாக நான் திறந்த அந்த இனிஷியல் பக்கைச் சாயங்காலம் பார்த்தால் மூடியிருந்தது. காரணம் எழுதும் கட்டத்தில், தமிழில், ‘வழுவமைதி’. மறுநாள் காலை கிளையன்டிடமிருந்து மெயில்: சாரி டு பக் யூ, இது என்ன மொழி?